அத்தை எடுக்காத ஆரத்தி

என் திருமணத்தன்று அத்தையின் கையிலிருந்த ஆரத்தித் தட்டைப் பிடுங்கி வேறொரு பெண்ணிடம் கொடுத்தவன் நான். மஞ்சளும் சுண்ணாம்பும் கரைத்த சிவப்பு நீர் தளும்பி என் பட்டு வேட்டியில் தெறித்தது.

அத்தை என் அப்பாவின் தங்கை. பேசும் படங்கள் வந்த புதிதில் மூன்று படங்களில் நடித்தவள். மூன்றிலும் ஒரே வேடம்தான். கணவன் எங்கே திரிந்துவிட்டு வந்தாலும் ஆரத்தியோடு வாசலில் காத்திருக்கும் மனைவி. கடலூர்க் கொட்டகையில் மணலில் உட்கார்ந்து பார்த்த பெண்கள், அந்தக் காட்சி வந்ததும் தாலியை எடுத்துக் கண்ணில் ஒற்றிக்கொள்வார்களாம். அதே பெண்கள் தங்கள் வீட்டு விசேஷங்களுக்கு அவளை அழைத்ததில்லை. இந்த முரணைப் பற்றிச் சிதம்பரத்தில் பல வருடம் மாணவர்களுக்குப் பாடம் எடுத்திருக்கிறேன், அவள் என் அத்தை என்று ஒருமுறைகூடச் சொல்லாமல்.

அன்று புதுப்பெண்ணோடு எங்கள் கடலூர் வீட்டு வாசலில் நின்றபோது, ஆரத்தி எடுப்பது அவளுடைய உரிமை. மாமனார் வீட்டார் ஏதாவது சொல்லிவிடுவார்களோ என்று நான் முந்திக்கொண்டேன். அவர்கள் வாயே திறக்கவில்லை.

"படத்துல அந்த ஒரு சீனுக்கு எட்டு தடவ எடுக்க வச்சாங்கடா. ஒனக்கு ஒரு தடவ எடுக்கக் கூடாதா?" என்று மட்டும் கேட்டாள். மாலையே தன் கணவரான மாமாவோடு அவர்கள் ஊரான குமராட்சிக்குப் போய்விட்டாள்.

என் மகள் கல்யாணத்துக்கு ஆரத்தி எடுக்கக் கூப்பிடப் போனேன். மாமா இறந்து ஒரு வருடம் ஆகியிருந்தது.

"அப்ப சினிமாக்காரின்னு தட்டப் புடுங்குன. இப்ப தாலியறுத்தவகிட்ட நீட்டுற. அப்பவும் ஊரப் பாத்த, இப்பவும் ஊரத்தான் பாக்குற. என்னைய எப்படா பாத்த? கல்யாணத்துக்கு வர்றேன். தட்டத் தொட மாட்டேன்."

சொன்னபடி வந்தாள். மண்டபத்து வாசலில் அவளை நிறுத்தி, தட்டை எடுத்து அவளுக்குச் சுற்றினேன். ஆண்கள் ஆரத்தி எடுப்பதில்லை; கணவனை இழந்தவளுக்கு யாரும் எடுப்பதுமில்லை. உறவினர் சிலர் முகத்தைத் திருப்பிக்கொண்டு உள்ளே போனார்கள். அத்தை என் கைகளையே பார்த்தாள்.

"தட்டு சாயுது. மறுபடி எடு."

எடுத்தேன். "வேகம் ஜாஸ்தி. மறுபடி."

எட்டு வரை விடமாட்டாள் என்றுதான் நினைத்தேன். மூன்றாவது முறை "போதும்டா" என்று கையைப் பிடித்துக்கொண்டாள். தளும்பிய நீர் வேட்டியில் தெறித்தது.

முதல் வேட்டியை மறுநாளே சலவைக்குப் போட்டேன். இந்த வேட்டி, அத்தை போய் இத்தனை வருடமாகியும், கறையோடு அலமாரியில் இருக்கிறது.