கனகசெட்டிக்குளத்தில் ஒரு மாப்பிள்ளைக் குதிரை

வெள்ளிக்கிழமை, பிற்பகல் மூன்று மணி. கடலூர் பேருந்து நிலையத்தில் புதுச்சேரி வண்டி உறுமிக்கொண்டு நின்றது. என் மடியில் ஒரு பலாப்பழம். நாங்கள் தங்கப்போகும் வீட்டுக்கு வெறுங்கையோடு போகக் கூடாது என்று பண்ருட்டியில் அம்மா கட்டாயப்படுத்திக் கொடுத்தது. பக்கத்தில் ஜன்னலோரம் ஜெசிந்தா. அந்த இடம் வேண்டும் என்று அவள் கேட்டதில்லை. எப்படியோ அது அவளுக்கே அமைந்துவிடும்.

நடத்துநர் பழத்தைப் பார்த்தார். "இதுக்கு லக்கேஜ் போடணும்மா."

"மடியிலதானே வெச்சிருக்கேன்?"

"மடியில இருந்தா கொழந்தையா? கொழந்தைன்னா சொல்லு, ஃப்ரீயா உட்டுடறேன்."

அது பையில்லை, இருக்கையை அடைக்கவில்லை, யாருக்கும் இடைஞ்சலில்லை என்று மூன்று விதமாக வாதாடினேன். அவர் டிக்கெட் கட்டைப் புரட்டியபடியே நின்றார். ஜெசிந்தா திரும்பி, "அண்ணா, எங்க அத்தைக்கு எடுத்துட்டுப் போறோம், உட்டுடுங்க" என்றாள். அவர் சிரித்துக்கொண்டே அடுத்த வரிசைக்குப் போய்விட்டார்.

இந்தப் பயணம் முழுவதும் இப்படித்தான் இருக்கப்போகிறது என்று அப்போதே தெரிந்திருக்க வேண்டும்.

நாங்கள் இருவரும் கடலூரில் ஒரு தனியார் பள்ளியில் ஆசிரியைகள். நான் கணக்கு, அவள் ஆங்கிலம். வகுப்புகள் அடுத்தடுத்தவை. என் குரல் அவள் வகுப்பைத் தாண்டி மாடிப்படி வரை கேட்கும். அவள் குரல் அவளுடைய கடைசி பெஞ்சுக்கே எட்டாது. ஆனால் அமைதியாக இருப்பது அவள் வகுப்புதான். என் வீட்டில் பள்ளிக்கூட வாசலை மிதித்த முதல் ஆள் நான். முதல் தலைமுறைப் பட்டதாரி என்று தாசில்தார் கொடுத்த சான்றிதழின் நகலை அப்பா சாமி படத்துக்குப் பக்கத்தில் சட்டம் போட்டு மாட்டியிருக்கிறார். என் பட்டத்தைக்கூட அவர் அப்படி மாட்டவில்லை. ஜெசிந்தாவின் வீட்டில் மூன்று தலைமுறையாக வாத்தியார்கள். அவளுக்கு எதுவும் வியர்வையில்லாமல் வருகிறது என்று நான் நினைப்பதற்கு இவ்வளவு காரணம் உண்டு.

கோடை விடுமுறையில் குதிரையேற்றம் கற்றுக்கொள்ளலாம் என்றது நான்தான். கனகசெட்டிக்குளத்துக்குப் பக்கத்தில் ஒரு லாயம். சனி, ஞாயிறு இரண்டு நாள் வகுப்பு, ஆளுக்கு இரண்டாயிரத்து ஐந்நூறு ரூபாய். முடிவில் கடற்கரையில் சவாரி. ஆசிரியர் அறையில் எல்லோரிடமும் சொல்லிவிட்டேன். கடலோரம் குதிரைமேல் உட்கார்ந்து படம் அனுப்புகிறேன் என்று தம்பியிடம் பந்தயமே கட்டியிருந்தேன்.

பெண்ணையாற்றுப் பாலம், முள்ளோடை எல்லை, அரியாங்குப்பம் என்று இருபத்திரண்டு கிலோமீட்டர் ஒரு மணி நேரத்தில் முடிந்தது. பேருந்து நிலையத்திலிருந்து உழவர்கரைக்கு ஆட்டோ நூற்றைம்பது கேட்டார், நூற்றிருபதுக்கு வந்தார். அங்கேதான் ஜெசிந்தாவின் அத்தை வீடு. அத்தையை அவர்கள் வீட்டில் பிரெஞ்சு வழக்கப்படி 'தாந்த்' என்கிறார்கள். முன்னறையில் ரவிக்கை தைக்கும் தாந்த் பழத்தைத் தட்டிப் பார்த்து, "நாளைக்குப் பழுத்துடும். நீ நல்லா வளந்த பொண்ணு" என்றார். அந்த வீட்டில் எனக்குக் கிடைத்த முதல் பாராட்டு பலாப்பழத்தால் வந்தது.

சனிக்கிழமை காலை ஐந்தரைக்கு நகரப் பேருந்து. முத்தியால்பேட்டையைத் தாண்டியதும் கோட்டக்குப்பத்தில் தமிழ்நாடு வந்துவிடுகிறது. காலாப்பட்டு வரும்போது மறுபடி புதுச்சேரி. ஒரே டிக்கெட்டில் எல்லை இரண்டு முறை மாறுகிறது, யாரும் தலை நிமிர்ந்து பார்ப்பதில்லை. இறங்கிக் கிழக்கே பத்து நிமிடம் மண் பாதையில் நடந்தால் சவுக்குத் தோப்பு. அதற்குள் லாயம், மூங்கில் வேலி போட்ட வட்டமான திடல், ஆறு குதிரைகள்.

நடத்துகிறவர் அருள். எங்கள் வயதுதான் இருக்கும். கறுப்புக் கண்ணாடியைக் கழற்றாமலே பேசினார். ஓட்டல் நிர்வாகம் படித்துவிட்டு, ஓட்டலுக்குப் போகாமல் குதிரை வாங்கியவராம். தலைக்கவசத்தை மாட்டிவிட்டு விதியைச் சொன்னார்: "நாளைக்குக் காலைல யாரு குதிரையத் தானா நடத்துறாங்களோ அவங்க கடலுக்குப் போலாம். நடத்தலைன்னா தப்பில்ல. கயித்துல கட்டி நான் இழுத்துட்டு வர்றேன்."

அப்போதுதான் திடலில் ஒரு சின்னப் பெண்ணை அப்படிக் கயிற்றில் பிடித்துச் சுற்றிக்கொண்டிருந்தார்கள். அவள் அம்மா படம் எடுத்துக்கொண்டிருந்தார். கயிறு படத்தில் நன்றாகத் தெரியும்.

ஜெசிந்தாவுக்குச் செம்பா என்ற செம்பழுப்புப் பெண் குதிரை. எனக்கு வெள்ளையில் சாம்பல் புள்ளி விழுந்த, வயிறு பருத்த ஓர் ஆண் குதிரை. பெயர் மாப்பிள்ளை.

"ஏன் அப்பிடிப் பேரு?" என்று கேட்டேன்.

"எதுக்கும் கூப்புடணும், கெஞ்சணும், கோவிச்சுக்குவான்" என்றார் அருள். "சாப்பாட்டுக்கு மட்டும் மொதல்ல வந்துடுவான்."

சேணத்தில் ஏறி அங்கவடியில் கால் நுழைத்ததும் உலகம் உயர்ந்துவிட்டது. நான் வருவதற்கு முன்பே காணொளிகள் பார்த்துப் படித்திருந்தேன். முதுகு நேர், குதிகால் கீழே, இரண்டு காலாலும் விலாவில் அழுத்தினால் குதிரை நடக்கும். அழுத்தினேன். மாப்பிள்ளை நின்றான். மறுபடி அழுத்தினேன். தட்டினேன். உதைத்தேன். ஒவ்வொரு உதைக்கும் அவன் காது பின்னால் மடங்கியது, வால் ஒரு முறை விசிறியது. நடை மட்டும் வரவில்லை.

ஜெசிந்தா அருளிடம் ஏதோ பேசிக்கொண்டே ஏறினாள். பேச்சை முடிக்காமலே காலை லேசாக ஒட்டினாள். செம்பா கிளம்பிவிட்டது. அவள் "ஐயோ, போவுதுடி" என்றாள், ஏதோ தவறுதலாக நடந்துவிட்டது போல.

நான் மாப்பிள்ளையை இன்னும் வேகமாக உதைத்தேன்.

"டீச்சர், தட்டிக்கிட்டே இருக்காதீங்க" என்றார் அருள். "ஒரு தடவ கேளுங்க. கேட்டுட்டு உடுங்க."

"கேட்டா நடக்கலையே."

"நீங்க எங்க கேட்டீங்க? வந்ததுலேர்ந்து திட்டிக்கிட்டு இல்ல இருக்கீங்க."

"ஒரு குச்சி குடுங்க."

"குச்சி குடுத்தா நடப்பான். குச்சிக்கு நடப்பான். உங்களுக்கு நடக்க மாட்டான்."

அன்று காலை முழுவதும் நான் வியர்வையில் நனைந்தேன். மாப்பிள்ளை நான்கடி வைப்பான், நின்றுவிடுவான். வேலியோரம் ஜெசிந்தா ஏழெட்டுச் சுற்று சுற்றியிருப்பாள். ஒவ்வொரு முறை என்னைக் கடக்கும்போதும் "வந்துடும் மலரு, வந்துடும்" என்றாள். பேருந்துக்குக் காத்திருப்பவர்களுக்குச் சொல்லும் ஆறுதல் அது. எனக்கு எந்தப் பேருந்தும் தானாக வந்ததில்லை.

மாலை கடற்கரைச் சாலைக்குப் போனோம். ஆறு மணிக்கு மேல் அங்கே வண்டிகளை நிறுத்திவிடுகிறார்கள். சாலை முழுக்க மனிதர்கள் நடக்கிறார்கள். ஒருபுறம் கருங்கல் பாறைகளில் அலை அடிக்கிறது, மறுபுறம் வெள்ளையும் மஞ்சளுமாகப் பழைய மாளிகைகள். சிவப்புத் தொப்பி போலீஸ்காரர் ஒருவர் சுண்டல்காரரோடு கதை பேசிக்கொண்டிருந்தார். மீசையை முறுக்கிவிட்ட ஒரு முதியவரைப் பார்த்து ஜெசிந்தா "போன்ஸ்வார், மிசே" என்று பிரெஞ்சில் வணக்கம் சொன்னாள். அவர் தொப்பியைத் தூக்கிப் பதில் சொன்னார். இரண்டு மொழியை முட்டி மோதிப் படித்தவள் நான். இவளுக்கு மூன்றாவது ஒன்று வீட்டிலேயே கிடந்திருக்கிறது. சுண்டல் இருபது ரூபாய். எனக்கு அதில் உப்பு போதவில்லை.

இரவுச் சாப்பாட்டின்போது தாந்த் குழம்பு ஊற்ற வந்தவர் என் கையைப் பிடித்துத் திருப்பினார். "இன்னாடி இது, வரி வரியா செவந்து கெடக்குது?"

இரண்டு உள்ளங்கையிலும் கடிவாள வார் அழுந்திய கோடுகள். குழம்பின் காரம் பட்டு எரிந்தது. என் கண் தானாக ஜெசிந்தாவின் கைக்குப் போனது. அவள் சோற்றைப் பிசைந்துகொண்டிருந்தாள். கோடு ஒன்றுகூட இல்லை. உழைத்தவள் கை இது, உழைக்காதவள் கை அது என்று பெருமையாகத்தான் நினைத்துக்கொண்டேன்.

ஞாயிற்றுக்கிழமை காலை ஆறரை. தோப்பில் இன்னும் பனி ஈரம். திடலின் வாயில் திறந்திருந்தது. அருள் தோளில் கயிற்றைச் சுருட்டிப் போட்டுக்கொண்டு என் பக்கத்திலேயே நின்றார். அந்தக் கயிற்றைப் பார்க்காமல் இருக்க முயன்றேன்.

ஜெசிந்தாவைச் சுமந்துகொண்டு செம்பா வாயிலைக் கடந்தது. நான் மாப்பிள்ளையை அழுத்தினேன். காது மடங்கியது. வால் விசிறியது. நின்றான்.

சவுக்கு மரங்களுக்கு நடுவே ஜெசிந்தாவின் முதுகு தெரிந்தது. பின்னல் இடமும் வலமும் ஆடியது. அவள் திரும்பிப் பார்க்கவேயில்லை. அவளுக்கு எதிரே தோப்பு முடியும் இடத்தில் கடல் ஒரு வெள்ளிக் கோடாகக் கிடந்தது. இன்னும் ஐந்து நிமிடத்தில் அவள் அங்கே நிற்பாள். என் தம்பிக்கு நான் அனுப்ப வேண்டிய படத்தில் அவள் இருப்பாள். வெறும் பொறாமை என்றால் அதுதான். உடம்பில் வேறு எதற்கும் இடமில்லை. காலை மறந்தேன், கையை மறந்தேன், அந்தப் பின்னலையே பார்த்துக்கொண்டிருந்தேன்.

மரங்கள் நகர்ந்தன. மாப்பிள்ளை நடந்துகொண்டிருந்தான்.

குனிந்து கையைப் பார்த்தேன். கடிவாளம் தளர்ந்து தொங்கியது. நேற்று முழுவதும் காலால் போ, போ என்று உதைத்துக்கொண்டே, அவன் போய்விட்டால் விழுந்துவிடுவேனோ என்ற பயத்தில் இரண்டு கையாலும் அவன் வாயைப் பின்னுக்கு இழுத்துப் பிடித்திருந்திருக்கிறேன். கையில் விழுந்த கோடுகள் அதன் கணக்கு. போகச் சொன்னதும் நான், நிற்கச் சொன்னதும் நான்.

"நடக்குறான் பாருங்க" என்றேன் அருளிடம்.

கூடவே நடந்து வந்தவர் கயிற்றைத் தோளிலிருந்து எடுக்கவில்லை. "கை உட்டீங்க, அது சரி. ஆனா அவன் உங்களுக்கு நடக்கல டீச்சர். செம்பா பின்னாடி போறான். குதிரைக்குத் தொணை வேணும்."

"அப்ப எனக்கு நடக்குறான்னு எப்பிடித் தெரியும்?"

மோட்டார் கொட்டகை அருகே பாதை இரண்டாகப் பிரிந்தது. அவர் இடப்பக்கம் கை காட்டினார். "செம்பாவ உட்டுட்டு இப்பிடித் திருப்புங்க. வந்தான்னா உங்களுக்கு வந்தான்."

"இந்தப் பக்கம் கடல் வருமா?"

"வராது. ஊர் ரோடு. கருவாடு காயப் போட்டிருப்பாங்க."

வலப்பக்கம் கடல், படம், பந்தயம். எல்லாம் ஜெசிந்தாவின் குதிரை வாலைப் பிடித்துக்கொண்டு போனால் கிடைக்கும். அவள் அடையும் இடத்துக்கு அவள் பின்னால் போய்ச் சேருவதற்கா நான் இவ்வளவு தூரம் படித்து வந்தேன்?

இடப்பக்கம் திருப்பினேன். மாப்பிள்ளை நின்றுவிட்டான். கழுத்தை வளைத்துச் செம்பாவைப் பார்த்தான். அவன் படும் பாடு எனக்குப் புரியாததல்ல.

தொலைவில் ஒற்றைப் பனை நின்றது. அதைப் பார்த்தேன். கையைத் தளர்த்தினேன். காலை ஒரு முறை அழுத்தினேன். எடுத்துவிட்டேன்.

ஒன்றும் நடக்கவில்லை.

என் வகுப்பாக இருந்தால் இதற்குள் நான்கு முறை மேசையைத் தட்டியிருப்பேன். குதிகால் தானாக எழுந்தது. அதை இறக்கினேன். சும்மா இருப்பதைப் போலக் கடினமான வேலை நான் செய்ததில்லை. பனையைப் பார்த்தேன். காது ஒன்று என் பக்கம் திரும்பியது. மடங்கவில்லை, திரும்பியது. மாப்பிள்ளை நீளமாக மூச்சு விட்டான். அவன் முதுகு எனக்கடியில் இளகியது. பிறகு, யாரும் கேட்டிராத யோசனை தனக்கே தோன்றியவன்போல, இடப்பக்கம் நடக்க ஆரம்பித்தான்.

நான் எதுவும் செய்யவில்லை. அவனை விட்டுவிட்டேன்.

கருவாடு காயும் சாலையில் கம்பீரமாகப் போனோம். வலை பின்னிக்கொண்டிருந்த ஒருவர் தலை தூக்காமலே, "யாரும்மா அது, கல்யாண ஊர்வலமா? பொண்ணு எங்க?" என்றார். நான்தான் பொண்ணு என்று சொல்ல வாயெடுத்து அடக்கிக்கொண்டேன்.

அப்போது பின்னால் ஒரு கனைப்பு. அதைத் தொடர்ந்து ஜெசிந்தாவின் குரல்: "மலரு, நில்லுடி! இவ திரும்பிட்டா. சொன்னா கேக்க மாட்டேங்கிறா!"

துணை தேவைப்பட்டது மாப்பிள்ளைக்கு மட்டுமல்ல. கடல் தெரியும் இடத்திலிருந்து செம்பா திரும்பி, எங்களைப் பார்த்து விறுவிறுவென்று வந்துகொண்டிருந்தது. மேலே ஜெசிந்தா இரண்டு கையாலும் கடிவாளத்தை இழுத்துப் பிடித்து, முகம் சிவந்து, காலால் தட்டிக்கொண்டே வந்தாள். நான் ஒரு முறை திரும்பிப் பார்த்தேன். மறுபடி பனையில் கண்ணை வைத்துக்கொண்டு, "வந்துடும் ஜெசி" என்றேன்.

அருள் எடுத்த படத்தில் கடல் இல்லை. நான், மாப்பிள்ளை, பின்னால் இரண்டு வரிசை கருவாடு. கயிறு இல்லை. தம்பி உடனே பதில் போட்டான்: "இன்னாக்கா, கருவாடு வாங்கவா குதிரைல போன?" பந்தயத்தில் நான் தோற்றுவிட்டேன் என்கிறான். நான் ஒப்புக்கொள்ளவில்லை.

மாலை நான்கு மணி, கடலூர் வண்டி. தாந்த் கட்டிக் கொடுத்த பலாக்கொட்டைப் பொட்டலம் மடியில் இருந்தது. இதற்கு லக்கேஜ் கேட்க யாராலும் முடியாது. முதலில் ஏறியது நான். ஜன்னலோரம் உட்கார்ந்துகொண்டேன். ஜெசிந்தா ஒரு கணம் நின்று பார்த்துவிட்டுப் பக்கத்தில் அமர்ந்தாள்.

புதுச்சேரிக்குப் போகிறவர்கள் கடற்கரைச் சாலையையும் மாளிகைகளையும் பார்த்துவிட்டு வருகிறார்கள். பார்க்க வேண்டியவைதான். எங்கள் பண்ருட்டியில் அப்படி ஒரு சாலை கிடையாது. ஆனால் அந்த ஊரிலிருந்து நான் கொண்டுவந்தது ஒரு குதிரையின் காது என் பக்கம் திரும்பிய அந்தக் கணத்தைத்தான். ஜூனில் பள்ளி திறக்கும். ஒரு முறை சொல்லிவிட்டு நிற்க முடிகிறதா என்று பார்க்க வேண்டும். குதிரையைவிட எட்டாம் வகுப்பு கடினம்.

அரியாங்குப்பம் தாண்டியபோது ஜெசிந்தா உள்ளங்கைகளை விரித்து ஊதிக்கொண்டாள். இரண்டிலும் சிவப்புக் கோடுகள். "எரியுதுடி" என்றாள்.

என் தண்ணீர் பாட்டிலைத் திறந்து அவள் கையில் ஊற்றினேன். அவள் என் தோளில் சாய்ந்து, முள்ளோடை வருவதற்குள் தூங்கிவிட்டாள். ஜன்னல் காற்றில் என் முடி முகமெல்லாம் பறந்து அடித்தது. அவள் பின்னல் மட்டும் கலையவேயில்லை.