தைப்பிங்கிலிருந்து வந்த ஆறாவது ஆள்

எங்கள் தீவைச் சுற்றிப் பார்க்க நான் ஒரே ஒரு முறைதான் சுற்றுலா வேனில் ஏறியிருக்கிறேன். அன்று நான் பினாங்குக்காரன் இல்லை. கடலுக்கு அந்தப் பக்கம், மழைக்குப் பேர்போன தைப்பிங்கிலிருந்து வந்தவன். தீவை முதன்முதலாகப் பார்ப்பவன். அதிகம் பேசாதவன். மூன்றும் பொய்.

பொய்க்குக் காரணம் என் மனைவி. பாயான் லெப்பாஸில் ஒரு மின்னணுத் தொழிற்சாலையில் இருபத்திரண்டு வருஷம் வேலை பார்த்தவள். அவள் இருந்த பிரிவையே வேறு நாட்டுக்குத் தூக்கிக்கொண்டு போனார்கள். நாற்பத்தொன்பது வயதில் வீட்டுக்கு வந்தாள். மூன்று மாதம் சமையலறை அலமாரியை மாற்றி மாற்றி அடுக்கினாள். பிறகு ஒரு நாள், டப்பாக்களை அப்படியே தரையில் விட்டுவிட்டு, சுற்றுலா வழிகாட்டிப் படிப்பில் சேர்ந்துவிட்டதாகச் சொன்னாள். முதல் பரீட்சையில் தேறவில்லை. இரண்டாவதில் தேறினாள். தமிழ்நாட்டிலிருந்து வருகிறவர்களுக்குத் தமிழிலேயே தீவைக் காட்டும் ஒரு சின்ன நிறுவனம், ஒரு வியாழக்கிழமை கூட்டிப் போய்க் காட்டு, பார்த்துவிட்டுச் சொல்கிறோம் என்றது. அந்த ஒரு நாள் சரியாகப் போனால் வேலை.

புதன்கிழமை சாயங்காலம் போன் வந்தது. வருவதாக இருந்த ஆறு பேரில் ஒருவருக்குக் காய்ச்சல். ஆறு பேர் இல்லையென்றால் வேன் கிளம்பாது. மறுபடி எப்போது கூப்பிடுவார்கள் என்று சொல்ல முடியாது. அவள் போனைக் கீழே வைத்துவிட்டு, சட்டை மடித்துக்கொண்டிருந்த என்னைப் பார்த்தாள்.

“ஏங்க, நீங்க தைப்பிங்ல இருந்தீங்கள்ல?”

“அது முப்பது வருஷத்துக்கு முன்னாடி. ரெண்டே வருஷம்.”

“இருந்தீங்கள்ல. போதும்.”

வீட்டு ஆட்களை ஏற்றக்கூடாது என்று நிறுவனத்தின் தாளில் தெளிவாகவே போட்டிருந்தது. அவள் அந்தத் தாளை மடித்து அரிசி டப்பாவுக்கு அடியில் வைத்தாள். என் போனிலிருந்து நானே கூப்பிட்டு இடம் பிடித்தேன்.

“நாளைக்கு முழுக்க வாயத் தொறக்கக்கூடாது,” என்றாள். “நான் தப்பாச் சொன்னாலும் சரி. மலையே கடலுக்குள்ள இருக்குன்னு சொன்னாலும் சரி. தலையாட்டணும்.”

ஜுருவில் பழைய கார் விற்கிறவன் நான். தினமும் பாலம் தாண்டிப் போய் எட்டு மணி நேரம் பேசிவிட்டு வருகிறவன். உட்கார்ந்த இடத்தில் கால் ஆடும், கால் நின்றால் வாய் ஆடும். என்னைப் போய்ப் பேசாதே என்றது, மழையை நனைக்காதே என்று சொன்ன மாதிரி.

காலை எட்டரைக்கு லிட்டில் இந்தியாவில் பூக்கடை ஓரமாக வேன் நின்றது. மல்லிகையும் டீசலும் கலந்த வாசம். கோயம்புத்தூரிலிருந்து வந்த ஒரு கணவன் மனைவி. சென்னையில் ஒரே வங்கியில் வேலை பார்த்து ஒரே மாதம் ஓய்வு பெற்ற இரண்டு தோழிகள். பின்வரிசையில், முக்காடிட்டு, மடியில் ஒரு அட்டையும் பேனாவுமாக, நிறுவன முதலாளியின் அக்கா. எதையும் கேட்கமாட்டார், எழுத மட்டும் செய்வார் என்று டிரைவர் அண்ணே முன்கூட்டியே சொல்லியிருந்தார். ஆறாவதாக நான், தலையில் ஒரு புதுத் தொப்பியுடன்.

“வாங்கண்ணே, தைப்பிங்கா? மழை எப்படி அங்க?” என்று என் மனைவி கேட்டாள். கண் சிமிட்டவில்லை. இருபத்தாறு வருஷத்தில் என்னை அவள் அண்ணே என்று கூப்பிட்டது அன்றுதான்.

வேன் வடக்குக் கடற்கரையைப் பிடித்துப் போனது. வலப்பக்கம் கடல் வரும், ஒரு மரக்கூட்டத்துக்குப் பின்னால் போகும், மறுபடி வேறு நிறத்தில் வரும். எத்தனையோ முறை மோட்டார் சைக்கிளில் போன பாதை. அப்போதெல்லாம் ரோட்டைப் பார்த்தேன். இன்று யாரோ ஓட்ட, யாரோ சொல்ல, கடலைப் பார்த்தேன். எங்கள் கடல் இவ்வளவு பச்சையா என்று ஒரு தைப்பிங்காரனின் கண்ணால் நான் வியந்தது பொய்யில்லை.

அவள் முன்சீட்டில் திரும்பி உட்கார்ந்து மைக்கைப் பிடித்திருந்தாள். இன்னொரு கையில் அட்டைகள். எல்லாம் எழுதி வைத்திருந்தாள், சிரிக்க வேண்டிய இடம் உட்பட. குரல் மட்டும் அவளுடையது இல்லை. பரீட்சை அறைக்குள் இருந்து வருகிற குரல்.

பத்து ஃபெரிங்கிக் கடற்கரை மணலில் இறங்கினோம். பத்து என்றால் மலாயில் கல், வெள்ளைக்காரன் கல் என்று பெயருக்கு அர்த்தம் சொன்னாள்.

“ஏனுங் அம்மிணி, அந்தக் கல்லு எங்கிங்க இருக்குது?” என்றார் கோயம்புத்தூர்க்காரர்.

அவள் அட்டையைப் புரட்டினாள். அட்டையில் கல் இல்லை. எந்தக் கல் என்று எனக்கும் தெரியாது. ஆனால் தெரியாததை உறுதியாகச் சொல்வதுதானே என் பிழைப்பு. கை தானாக ஒரு பாறையை நோக்கி எழுந்தது. அவள் பார்த்த பார்வையில் அதே கையால் தொப்பியைச் சரிசெய்துகொண்டேன்.

“தெரியலைங்க சார். கேட்டுச் சொல்றேன்,” என்றாள்.

பின்னால் பேனா ஏதோ எழுதியது.

தெலுக் பஹாங் தாண்டி ரோடு மலைக்குள் நுழைந்து வளைய ஆரம்பித்தது. டுரியான் மரங்களுக்கு அடியில், விழும் பழத்தைப் பிடிக்க, வலை கட்டியிருந்தார்கள். காற்றில் ஈரமும் ஜாதிக்காய் வாசமும். ஒரு வளைவில் மேகம் வந்து கண்ணாடியில் உட்கார்ந்தது. அந்தப் பக்கம் இருந்திருக்க வேண்டிய காட்சியை அவள் அட்டையிலிருந்து முழுசாகப் படித்தாள், வெள்ளைப் புகையைக் காட்டிக்கொண்டே. தோழிகளில் குண்டானவர் மற்றவர் காதில், “நல்லாத்தான் இருக்கு. ரேடியோவுல ஊட்டி பாக்கிற மாதிரி,” என்றார். எனக்குச் சிரிப்பு வந்தது. உடனே பின்வரிசைப் பேனாவைத் திரும்பிப் பார்த்தேன். அப்படித்தான் அன்றைய காலை முழுக்க.

பாலிக் பூலாவில் மத்தியானச் சாப்பாடு. மார்க்கெட் பக்கத்தில் லக்சா கடை. கோயம்புத்தூர்த் தம்பதி சைவம். அவர்களுக்குத் தனியாகச் சோறும் தயிரும் ஏற்பாடு. மற்றவர்களுக்கு மீனும் புளியும் கொதிக்கும் குழம்பில் நூடுல்ஸ் போட்டு, மேலே புதினா தூவிய லக்சா. வெளியூர்க்காரன் என்றால் சும்மா உட்கார வேண்டும்; கொண்டுவந்து வைப்பார்கள். நானும் அப்படித்தான் உட்கார்ந்தேன். ஒரு நிமிஷம் இருக்கலாம்.

பிறகு என்ன நடந்தது என்பதை நான் யோசித்துச் செய்யவில்லை. எழுந்து போய்க் கரண்டிகளை வெந்நீர்ச் சட்டியில் முக்கி எடுத்தேன். கடைக்காரச் சீன அம்மாவிடம் கறுப்பு இறால் குழம்பு இன்னும் ஒரு கரண்டி வேண்டும் என்று ஹொக்கியன் மொழியில் கேட்டு வாங்கினேன். ஒரு பினாங்குக்காரனைக் காட்டிக்கொடுக்க இதுவே போதும். ஆனால் தைப்பிங்கிலும் ஹொக்கியன் பேசுகிறவர்கள் உண்டு, தப்பித்திருப்பேன். கிண்ணங்கள் மேசைக்கு வந்தன. என் மனைவியின் கிண்ணம் என் பக்கத்தில் வந்து நின்றது. அவளுக்குப் புதினா ஆகாது. சூட்டில் வாடின புதினா பல்லில் பட்டால் அன்றைக்குச் சாப்பாடே போச்சு என்பாள். என் விரல்கள் அவள் கிண்ணத்துக்குள் போயின. ஒவ்வொரு இலையாக எடுத்து என் கிண்ணத்தில் போட்டன. ஐந்தாவது இலையில்தான் மேசையே என் விரல்களைப் பார்ப்பது எனக்குத் தெரிந்தது.

எதையும் கேட்கமாட்டார் என்று சொல்லப்பட்ட அக்கா கேட்டார்.

“தைப்பிங் அண்ணே, கைடோட கிண்ணத்துல ஏன் கைய விடுறீங்க?”

“புதினா,” என்றேன். அன்று நான் தமிழில் சொன்ன முதல் வார்த்தை. ஜுருவில் ஒரு ஓட்டைக் காரைப் பற்றி அரைமணி நேரம் பேசுகிற வாய் அது.

என் மனைவி மைக்கை மேசைமேல் வைத்தாள். அட்டைகளையும் வைத்தாள்.

“என் வீட்டுக்காரர், அக்கா. ஆறாவது ஆள் வரல. வேன் நின்னுடும்னு பயந்துட்டு இவர ஏத்துனேன். ரூல் தெரியும். தெரிஞ்சுதான் செஞ்சேன்.”

அக்கா தன் பேனாவை எடுத்தார். அட்டையைத் திருப்பி, நிதானமாக, இரண்டு வரி எழுதினார். பிறகு தன் லக்சாவைச் சாப்பிட்டார். கோயம்புத்தூர்க்காரர் மனைவி தன் கணவனின் விலாவில் இடித்து, “பாத்துக்கங்க. கட்டுன நாள்லயிருந்து நீங்க எனக்கு ஒரு கறிவேப்பிலை பொறுக்கிப் போட்டதுண்டா?” என்றார். அவர் தயிர்ச் சோற்றைப் பார்த்தபடி, “உனக்குக் கறிவேப்பிலை புடிக்குமேன்னு விட்டுட்டேன் அம்மிணி,” என்றார். மேசை சிரித்தது. என் மனைவி சிரிக்கவில்லை. நான் அந்த ஐந்து இலைப் புதினாவையும் மென்று விழுங்கினேன். அன்று அது வேப்பிலை.

அதற்குப் பிறகு அவள் சரிந்துவிட்டாள். ஜாதிக்காய்த் தோட்டத்தில் சொல்ல வேண்டியதில் பாதியை விட்டுவிட்டாள். தெலுக் கும்பார் வழியாகத் திரும்பும்போது மைக் அவள் மடியில் படுத்துக்கிடந்தது. முதுகை மட்டும் பார்த்துக்கொண்டு வந்தேன். மன்னிப்புக் கேட்கவும் முடியாத தூரம், மூன்று சீட்.

பாயான் லெப்பாஸில் விமான நிலையத்தைத் தாண்டினதும் வேன் நின்றது. சாயங்கால டிராஃபிக் ஜேம். தொழிற்சாலைகள் ஆட்களை வெளியே விடும் நேரம். முன்னால் தொழிற்சாலை பஸ்கள், இடுக்குகளில் மோட்டார் சைக்கிள்கள், இரண்டு பக்கமும் சாம்பல் நிறச் சுவர்கள். அவள் அட்டைகளில் இந்த இடத்துக்கு எழுதியிருந்தது ஒரே வரி என்று எனக்குத் தெரியும்: மிட்டாய் கொடுக்கவும், விருந்தினர் தூங்குவார்கள்.

யாரும் தூங்கவில்லை.

“இந்தக் கட்டடத்துக்கெல்லாம் ஏம்மா ஜன்னலே இல்ல?” என்றார் ஒல்லியான தோழி.

“தூசி உள்ள வரக்கூடாதுக்கா,” என்றாள் அவள், மைக் இல்லாமலே. சுவர்களை விரலால் எண்ணினாள். பிறகு திரும்பினாள். “அந்தா, மூணாவது கட்டடம். இருபத்திரண்டு வருஷம் நான் அதுக்குள்ளதான் இருந்தேன். காலையில உள்ள போனா மழை பேஞ்சுதா வெயில் அடிச்சுதான்னு தெரியாது. வெளிய வந்து தரையப் பாத்துத்தான் தெரிஞ்சுக்கணும்.”

வெள்ளை உடையைப் பற்றிச் சொன்னாள். தலை, வாய், கை, கால் எல்லாம் மூடி, கண் மட்டும் வெளியே. நடையை வைத்தும் கண்ணை வைத்தும்தான் ஆளைக் கண்டுபிடிப்பார்கள். பவுடர் கூடாது, மை கூடாது.

“பொட்டு?” என்றார் கோயம்புத்தூர் அம்மா.

“பொட்டும் தூசிதானேக்கா. ஸ்டிக்கர் பொட்ட எடுத்து ஃபேக்டரி பாஸ் பின்னாடி ஒட்டிக்குவோம். வேல முடிஞ்சு பஸ்ல ஏறினதும் எல்லாரும் பாஸத் திருப்பி, பொட்ட எடுத்து, ஒருத்தி நெத்திய ஒருத்தி பாத்துச் சரி பண்ணிக்குவோம். கண்ணாடி ஏது. வீட்டுக்குப் போறப்ப முகம் இருக்கணும்ல.”

இது எனக்குப் புதிது. இருபத்திரண்டு வருஷம் மாலையில் கதவைத் திறந்து அந்தப் பொட்டைப் பார்த்தவன் நான். அது பஸ்ஸில் இன்னொருத்தி சரிசெய்து அனுப்பியது என்று அவள் எனக்குச் சொன்னதில்லை, நான் கேட்டதுமில்லை. என் வாய் மூடியிருந்த ஒரு நாளில் காதில் விழுந்தது.

பக்கத்தில் ஒரு தொழிற்சாலை பஸ் ஊர்ந்து வந்து நின்றது. ஜன்னல் சரிந்து திறந்தது; ஒருத்தி என் மனைவியைப் பார்த்துத் தலையை நீட்டினாள்.

“ஏய், அக்கா! என்ன வேன்ல? மொதலாளி ஆயிட்டீங்களா?”

என் மனைவி வேன் ஜன்னலைத் திறந்தாள். “கைடு லா. ஊர் சுத்திக் காட்றேன்.”

“எங்களயும் சுத்திக் காட்டுங்களேன். இந்த ரோட்டத் தவிர வேற ஒண்ணும் பாக்கல நாங்க.”

“சம்பளம் போட்டதும் வா. பாட்டெல்லாம் பாடக்கூடாது, சொல்லிட்டேன்.”

பஸ் முழுக்கச் சிரித்தது. நெற்றிகளில் பொட்டுகள். ஒன்று கொஞ்சம் கோணல். வேனுக்குள் இருந்தவர்கள் கண்ணாடியில் முகம் ஒட்டிப் பார்த்தார்கள். அன்று காலையில் கடலைக்கூட அவர்கள் அப்படிப் பார்க்கவில்லை. ஜேம் கலைய ஆன நாற்பது நிமிஷமும் கேள்விகள் நிற்கவில்லை. அட்டைகள் கீழே விழுந்து கிடந்தன. டிரைவர் அண்ணே பிரேக் போடும்போதெல்லாம் ஒன்று வழுக்கி என் காலடிக்கு வந்தது. எடுத்துக் கொடுக்கவில்லை.

ஜெலுத்தோங் கடந்து, காலையில் புறப்பட்ட பூக்கடைக்கு வந்து சேர்ந்தபோது வெயில் தணிந்திருந்தது. தோழிகள் அவளைக் கட்டிக்கொண்டு படம் எடுத்துக்கொண்டார்கள். கோயம்புத்தூர்க்காரர் எனக்குக் கைகொடுத்து, “தைப்பிங் வந்தா உங்களைப் பாக்கறனுங்,” என்றார்.

எல்லாரும் போனபின் அக்கா அட்டையைக் கைப்பையில் போட்டார்.

“பொய் சொல்லி ஆள் ஏத்துனத எழுதிட்டேன்மா. எழுதுனது எழுதுனதுதான். தம்பி படிச்சுட்டுத் திட்டுவான். வாங்கிக்க.”

“சரிக்கா.”

“காலையில சொன்னதுல பாதி வேணாம். அந்த ஜேம்ல சொன்னத விட்டுடாத. அடுத்த வியாழக்கெழம எட்டுப் பேரு. நேரத்துக்கு வந்துடு.” பிறகு என்னைப் பார்த்தார். “அண்ணே வர வேணாம்.”

அடுத்த வியாழக்கிழமை நான் ஜுருவில் ஒரு வாடிக்கையாளரிடம் வழக்கம்போலப் பேசினேன். மத்தியானம் லக்சா சாப்பிட்டேன். கிண்ணத்தில் ஒரு பங்குப் புதினாதான் இருந்தது. குறைவாகப்பட்டது.

சாயங்காலம் அவள் வந்து செருப்பைக் கழற்றும்போது கேட்டேன்.

“புதினாவ என்ன பண்ணின?”

“எட்டுப் பேரும் பாத்துட்டே இருந்தாங்க. எடுத்துப் போட எடமில்ல. சாப்புட்டேன்.”

“எப்படி இருந்துச்சு?”

அவள் யோசித்தாள். “சாகல,” என்றாள். “ஆனா வீட்ல நீங்கதான் எடுக்கணும்.”