கொள்ளிடம் கிளப் ஜெக்கரியா

என் அண்ணன் ஜெக்கரியா பெங்களூரில் பதினோரு வருடம் ஒரு ஹெவி மெட்டல் இசைக் கிளப் நடத்தினார். அதற்குப் பெயர் ‘கொள்ளிடம்’. அங்கே வந்தவர்கள் அது ஏதோ மந்திரச் சொல் என்று நினைத்தார்களாம். கேட்டால், “காவேரியில அடங்காத தண்ணிய அதுலதாங்க திருப்பி விடுவாங்க” என்பாராம். திருப்பனந்தாளில் எங்கள் வீட்டிலிருந்து கொள்ளிடக் கரை சைக்கிள் தூரம்தான்.

போன வியாழக்கிழமை அவரை ஊரில் அடக்கம் செய்தோம்.

அத்தா ஷேக் பரீத் கடைத்தெருவில் டீசல் இன்ஜின் பழுது பார்த்தார். குறுவைக்கு ஆற்றில் தண்ணீர் வராத வருடங்களில் கடை வாசல் முழுக்க இன்ஜின்களாக நிற்கும். சத்தத்தை வைத்தே எந்த வால்வு போயிற்று என்று அண்ணன் சொல்லிவிடுவார். எண்பத்தேழில் குவைத் போனார். அங்கே ஒரே அறையில் தங்கியிருந்த கோவாக்காரர் ஒருவர்தான் இந்தப் பாட்டையெல்லாம் கேட்கக் கொடுத்தவர். தொண்ணூறில் சண்டை வந்து, பாலைவனம் தாண்டி ஊர் திரும்பியபோது அண்ணன் பையில் இரண்டு சட்டையும் பதினாறு கேசட்டும் இருந்தன.

“எல்லாரும் உசுரு தப்புனா போதும்னு ஓடி வந்தாங்க. இவரு பாட்டத் தூக்கிட்டு வந்திருக்காரு” என்றார் அத்தா.

அண்ணன் ஒன்றைப் போட்டுக் காட்டினார். அத்தா கடைசிவரை கேட்டுவிட்டு, “பேரிங் போயிடுச்சி” என்றார். வீடே சிரித்தது. அண்ணனும்தான்.

முடி தோளைத் தொட்டபோது யாரும் சிரிக்கவில்லை. ஜமாஅத்தில் பேச்சு வந்தது. தொண்ணூற்று மூன்றில் ஒரு சண்டையின் முடிவில், “நானா கூப்புடுற வரைக்கும் இந்த வாசப்படிய மிதிக்காத” என்று அத்தா சொல்லிவிட்டார். அண்ணன் அதை அப்படியே எடுத்துக்கொண்டார். அத்தா கூப்பிடவும் இல்லை.

பெங்களூரில் சவுண்ட் சர்வீஸ்காரர்களோடு ஒயர் சுற்றினார். மூன்று வருடம் கழித்து ஒரு கட்டடத்தின் அடித்தளத்தை வாடகைக்குப் பிடித்துக் கிளப் திறந்தார். அங்கே எல்லோரும் குடிப்பார்கள், இவர் மட்டும் ஃபிளாஸ்க்கில் டீ வைத்திருப்பார். தொண்ணூற்று ஒன்பதில் புதிதாக வந்த ஒரு தமிழ்ப் பாட்டு சேனலில், கிளப்பிலிருந்தே இந்தப் பாட்டுகளை அறிமுகம் செய்யும் அரை மணி நேர நிகழ்ச்சி கிடைத்தது. ஞாயிறு பிற்பகல் இரண்டு மணி, பதிமூன்று வாரம். ஆறு வருடத்தில் முதல்முறையாக அத்தாவுக்கு ஒரு இன்லேண்ட் லெட்டர் வந்தது. நாள், நேரம், சேனல் பெயர், “அவசியம் பார்க்கவும்.” அத்தா படித்துவிட்டுச் சட்டைப் பையில் வைத்துக்கொண்டார்.

அப்போது எனக்கு நாகப்பட்டினத்தில் சம்பந்தம் பேசிக்கொண்டிருந்தார்கள். நான் கும்பகோணத்தில் கடைசி வருடம் பி.எஸ்சி. அந்த முடியையும் பின்னால் தெரியும் பாட்டில்களையும் ஊர் பார்த்து, பேச்சு நாகப்பட்டினம்வரை போய்விடுமோ என்று பயந்தேன். கேபிள் டிவி சாம்பசிவத்திடம் போனேன்.

“எல்லாரும் சேனல் வரலன்னுதான் சண்டைக்கு வருவாங்க. வரக் கூடாதுன்னு வந்த மொத ஆளு நீதாம்மா.”

“பதிமூணு ஞாயிறு, அரை அரை மணி நேரந்தாண்ணே. எங்க வீட்டுல யாருக்கும் தெரிய வேணாம்.”

“சரி போ. அந்த நேரத்துக்கு ஒரு பழைய படத்தப் போட்டு விடுறேன். சனம் சந்தோசப்படும்.”

சனம் சந்தோஷப்பட்டது. அத்தா மட்டும் அந்த ஞாயிற்றுக்கிழமை ஒரு மணிக்கே கடையைப் பூட்டிவிட்டு வந்தார். கை கிரீஸைத் தேய்த்துக் கழுவி, வெள்ளைச் சட்டை போட்டுக்கொண்டு டிவி முன்னால் உட்கார்ந்தார். படம் ஓடியது. “நேரத்தத் தப்பா எழுதிட்டானோ?” என்று அம்மாவிடம் கேட்டார். அடுத்த வாரமும் உட்கார்ந்தார். அதற்கடுத்த வாரமும். பதிமூன்றாவது ஞாயிறு சட்டையைக் கழற்றிக்கொண்டே, “டிவியாவது மண்ணாவது, புளுகியிருக்கான்” என்றார்.

ஒவ்வொரு ஞாயிறும் மூன்று மணிக்கு அண்ணன் பக்கத்து வீட்டு போனில் கூப்பிடுவார்.

“சபிஹா, அத்தா பாத்தாங்களா?”

“பாத்தாங்கண்ணே.”

“கடைசி வரைக்குமா?”

“கடைசி வரைக்கும்.”

“ஒண்ணும் சொல்லலியா?”

“ஒண்ணும் சொல்லல.”

என் நிக்காஹுக்கு அண்ணன் வரவில்லை. அவர் அனுப்பிய கலர் டிவி ஒன்று லாரி ஆபீஸில் வந்து இறங்கியது. கல்யாணமான மறுவாரம் என் கணவர் மீரா உசேன், “உங்க அண்ணன எங்க ஊரு கேபிள்ல ஒரு தடவ பாத்தோமே. உம்மாவுக்குத் தலவலி வந்துடுச்சி, மாத்திட்டோம்” என்று சிரித்தார். அவர்கள் வீட்டில் யாரும் அதைப் பெரிதாக நினைக்கவே இல்லை.

இரண்டாயிரத்து மூன்றில் அத்தா மவுத்தானார். அண்ணன் முடியை ஒட்ட வெட்டிக்கொண்டு வந்து சேர்ந்தபோது அடக்கம் முடிந்து நாலு மணி நேரமாகியிருந்தது. வாசலிலேயே நின்றார். நான் கையைப் பிடித்து உள்ளே இழுத்தேன். அன்று சாயங்காலமே போய்விட்டார். பிறகு கிளப்பை மூடினார். ஒற்றை அறையில் ஆம்ப்ளிஃபயர் ரிப்பேர் பார்த்துக்கொண்டு தனியாகவே இருந்தார். பெருநாள் தோறும் ஊருக்கு வரச் சொல்லி நான் கூப்பிடுவேன். “பாப்போம் புள்ள” என்பார். சாம்பசிவம் விஷயத்தை நான் சொல்லவில்லை. சின்னப் பொய்தானே என்று இருந்துவிட்டேன்.

வியாழக்கிழமை பெங்களூரிலிருந்து ஒரு வேன் வந்தது. கறுப்பு டீ-ஷர்ட் போட்ட, தாடி நரைத்த ஆண்கள் அடக்கத்துக்கு மையவாடிக்குப் போனார்கள். கிளப்பில் டிரம்ஸ் வாசித்த ப்ரியம்வதா மட்டும் பெண்களோடு வீட்டில் உட்கார்ந்தார். நிகழ்ச்சியை யாரோ டேப்பில் பதிந்து வைத்திருந்ததாகச் சொல்லி, போனை என் கையில் கொடுத்தார்.

முப்பத்து மூன்று வயது அண்ணன். “எங்க ஊருல அஞ்சு குதிரை சக்தி டீசல் இன்ஜின் ஓடுறதக் கேட்டிருக்கீங்களா? அதுக்கு மேல கிடார வெச்சா இந்தப் பாட்டு. எங்க அத்தாவக் கேட்டா பேரிங் போயிடுச்சின்னுவாங்க.” பாட்டு வந்தது, முடிந்தது. கடைசியில் கேமராவுக்கு மிகப் பக்கத்தில் வந்து நின்றார்.

“அத்தா, பெருநாளைக்கு வீட்டுக்கு வரலாமா?”

“பதிமூணு எபிசோடும் இப்படித்தாங்க முடிப்பார்” என்றார் ப்ரியம்வதா. “நாங்க அத ஜோக்குன்னே நெனச்சோம். கிளப்ல எல்லாரும் கூட்டமா நின்னு கத்துவோம், ‘அத்தா, வரலாமா’ன்னு. அவரும் சிரிப்பார்.” போனைத் திரும்ப வாங்கிக்கொண்டு கேட்டார். “அவங்க அப்பா இதப் பாத்தாங்களா?”

“பாக்கலம்மா” என்றேன். “நான்தான் நிறுத்தி வெச்சேன். ஆனா பதிமூணு வாரமும் வெள்ளச் சட்ட போட்டுக்கிட்டு உக்காந்திருந்தாங்க.”