ஊமை டாக்டருக்குக் குரல்

காலி பிஸ்கட் டின்னை லோகேஸ்வரி ஒரு தட்டுத் தட்டினால் திரையில் கதவு சாத்திக்கொள்கிறது. படபடவென்று தட்டினால் யாரோ மாடிப்படியில் உருள்கிறார்கள். பினாங்கின் ஆயர் ஈத்தாமில், மனநலச் சிகிச்சை எடுப்பவர்கள் பகலில் கூடும் மையத்தில், சனிக்கிழமைதோறும் நூறு வருடத்துப் பழைய ஊமைப்படங்களுக்கு அவர்தான் குரல். நசுங்கிய காரைக் காட்டி வெள்ளைக்காரப் போலீஸ்காரர் அவர் வாயில் பினாங்குத் தமிழ் பேசுவார்: "என் கெரேத்தாவ யாருலா இடிச்சது?"

வயது ஐம்பத்திரண்டு. மற்ற நாள்களில் பாயான் பாரு தொழிற்சாலையில் வாய் திறக்காமல் வேலை. பதினோரு வருடமாக மாத்திரை சாப்பிடுகிறார்; மறைப்பதில்லை. "பிரஷர் மாத்திர மாதிரிதான்லா. இது தலைக்கு."

போன மாதப் படத்தில் ஒரு டாக்டர், கண்ணில் பட்டவரையெல்லாம் பைத்தியம் என்று வலைபோட்டுப் பிடித்தார். மையத்துக்குப் புதிதாக வந்த ஆலோசகர் மயூரன் எழுந்துவந்து படத்தை நிறுத்தினார்.

"வேணாம் அக்கா. இது இவங்கள கிண்டல் பண்ணுது. மனசு நோகும்."

லோகேஸ்வரியின் முகம் சுண்டிப்போனது. ஆஸ்பத்திரி வார்டில் கிடந்த நாள்களில், அவரை ஒரு வார்த்தை கேட்காமல் எல்லாரும் அவருக்காக முடிவெடுத்தார்கள். ஆனாலும் குரலை உயர்த்தவில்லை.

"நோகுமான்னு அவங்களக் கேட்டீங்களா தம்பி?"

கேட்கவில்லைதான். மயூரன் கூட்டத்தின் பக்கம் திரும்பிக் கேட்டார்.

தமிழ் புரியாவிட்டாலும் ஒரு வாரம்கூடத் தவறாத ஹைக்கல், அந்த டாக்டர் மாட்டுகிறாரா என்று பார்த்துவிட்டுச் சொல்கிறேன் என்றார் மலாயில். பின்வரிசை வள்ளியம்மா, "நொந்துச்சுன்னா நாங்களே சொல்றோம் சார். ஓட விடுங்க" என்றார்.

ஓடியது. திரையில் டாக்டர் வாயசைத்ததும் லோகேஸ்வரிக்கு முன்பே கூட்டம் முந்திக்கொண்டது. "ராத்திரி தூக்கம் வருதா?" "மருந்த மாத்தியிருக்கேன், அடுத்த மாசம் வாங்க." "அட, உக்காரவே இல்ல, அதுக்குள்ள முடிஞ்சிருச்சா டாக்டர்?" முதல் கேள்வி தினமும் தான் கேட்பது என்று மயூரனுக்கு உறைத்தபோது, அவருக்கே சிரிப்பு வந்துவிட்டது.

கடைசியில் அந்த டாக்டரே வலைக்குள் விழுந்து கைகாலை உதறினார். லோகேஸ்வரி மைக்கை மயூரனிடம் நீட்டினார்.

"இவருக்கு நீங்க பேசுங்க."

மயூரன் தொண்டையைக் கனைத்துக்கொண்டார். "நான்... நான் நல்லாத்தான்லா இருக்கேன்."

"எல்லாரும் அப்படித்தான் சொல்வாங்க" என்றது பின்வரிசை.

லோகேஸ்வரி சிரிக்கவில்லை. மயூரனின் மணிக்கட்டைப் பிடித்து, சுவர்க் கடிகாரத்தைப் பார்த்தபடி, நாடியை எண்ணத் தொடங்கினார்.