திருட்டு கேமும் என் ஸ்ட்ரோக்கும்

போன ஞாயிற்றுக்கிழமை மத்தியானம் நான் கிட்டத்தட்ட செத்துப்போனேன். சோபாவில் உட்கார்ந்து கார் ரேஸ் ஓட்டிக்கொண்டிருக்கும்போது.

லேப்டாப்பில்தான். ஐம்பதைத் தாண்டிய ஆளுக்கு கேம் எதற்கு என்பவர்கள் ஒருநாள் செகந்திராபாத் மாரெட்பள்ளி டிராஃபிக்கில் ஸ்கூட்டர் ஓட்டிப் பாருங்கள். வீட்டுக்கு வந்தாவது யாரையாவது முந்தத் தோன்றும்.

காசு கொடுத்து வாங்கினேனா? கேட்காதீர்கள். பூட்டை உடைத்து எவனோ நெட்டில் போட்டிருந்த காப்பி.

முதல் சில ரவுண்டு பிரமாதம். அப்புறம் ரோடு லேசாக ஆட ஆரம்பித்தது. வலது பக்கம் திருப்புகிறேன்... கார் இடது பக்கம் போகிறது. மலை, மரம், வானம் எல்லாம் தள்ளாடுகின்றன.

ஸ்ட்ரோக். வேறென்ன?

“கோமதி, தலை சுத்துது. வலது கை என் பேச்சைக் கேக்கல.”

மனைவி பி.பி. மெஷினோடு ஓடிவந்து கையில் பட்டையைச் சுற்றினாள். “ரெண்டு கையையும் தூக்குங்க.” தூக்கினேன். “சிரிங்க, வாய் கோணுதான்னு பாக்கணும்.”

“சாகப் போறேன், எப்படிடி சிரிக்கறது?”

“கல்யாணமான நாள்லேருந்து எதுக்கெடுத்தாலும் இளிச்சுட்டுதானே இருக்கீங்க. இப்ப சிரிங்க.”

சிரித்துக்கொண்டே பேங்க் பாஸ்வேர்டைச் சொல்லத் தொடங்கினேன்.

சத்தம் கேட்டு மாடி வீட்டு சுந்தர் இறங்கி வந்தார். இங்கேயே பிறந்து வளர்ந்த தமிழர், பேச்சில் ஹைதராபாத் உருது கலக்கும்; கேம் கம்பெனியில் வேலை. என்னை விட்டுவிட்டு ஸ்கிரீனைப் பார்த்தார்.

“சார், கண்ணை மூடுங்க. இப்ப சுத்துதா?”

“இல்ல...”

“ஹவ், அதான். கிராக் பண்ண காப்பியா?”

நான் இன்னும் கண்ணைத் திறக்கவில்லை.

“டென்ஷன் நக்கோ சார், வேணாம். வாசல் பூட்டை உடைச்சவன் உள்பூட்டைப் பாக்கல. திருட்டு காப்பின்னு தெரிஞ்சா கேம் நிக்காது. கொஞ்சம் ஓட விட்டு, இப்படி ஆட்டி வைக்கும். எங்க கம்பெனியிலயும் இதே வேலைதான்.”

போலீஸ் இல்லை, கேஸ் இல்லை. திருடனை அவன் வீட்டு சோபாவிலேயே உட்கார வைத்து, அவன் மூளையையே அவனைச் சந்தேகப்பட வைக்கிறார்கள் — எவ்வளவு நாகரிகமான தண்டனை!

எனக்கோ தலைகால் புரியவில்லை. சாகப் போவதில்லையே! சோபா மேல் ஏறி ஒரு குத்தாட்டம் போட்டேன். கையும் களவுமாகப் பிடிபட்டு இவ்வளவு சந்தோஷப்பட்டவன் செகந்திராபாத்தில் வேறு யாராவது உண்டா?

கோமதி மட்டும் ஆடவில்லை. மெஷினையே பார்த்துக்கொண்டிருந்தாள். என்னை உட்கார வைத்து, ஆற அமர மறுபடி எடுத்தாள். மறுநாள் டாக்டரும் எடுத்தார். ஊறுகாய் கட், அப்பளம் கட், தினமும் ஒரு மாத்திரை.

கேம் டூப்ளிகேட். தலைசுற்றல் டூப்ளிகேட். பி.பி. மட்டும் ஒரிஜினல்.