நாலாக மடித்த கைத்துண்டு

குத்துக்கல்வலசையில் சுடலைராஜ் வீட்டுக் குளியலறைக்கு ஒரு சட்டம் உண்டு. அவர் குளித்துவிட்டு வந்தபின் உள்ளே எதையும் யாரும் இடம் மாற்றக் கூடாது. சோப்பு அதன் பெட்டியில், வாளி சுவரோரம், உடம்பு தேய்க்கும் வெள்ளைக் கைத்துண்டு ஷவருக்குக் கீழே உள்ள கம்பியில். அந்தத் துண்டு நாலாக மடிந்து, ஓரத்தோடு ஓரம் பொருந்தி இருக்க வேண்டும். போலீஸ் பட்டாலியனில் சேர்ந்த புதிதில், மடிப்பு கோணலாக இருந்ததென்று அவரை மைதானத்தைச் சுற்றி ஓடவிட்டார்கள். ஏட்டாக ஓய்வு பெற்ற பிறகும் மடிப்பு மாறவில்லை.

அவர் மனைவி தங்கத்தாய் வடகரைக்காரி. கல்யாணமான நாள் முதல் போலீஸ் குடியிருப்பு குடியிருப்பாகச் சட்டிபானையைக் கட்டித் தூக்கியவள். எந்த ஊருக்குப் போனாலும் முதல் வேலை அந்தக் கம்பி அடிப்பதுதான். அதைப் பற்றி அவள் வாய் திறந்ததே இல்லை.

ஆனி பிறந்ததும் சாரல் பிடித்துக்கொண்டது. சர்க்கரை வியாதிக்காரரான சுடலைராஜுக்குக் கால் சுண்டுவிரல் இடுக்கில் சேற்றுப்புண் வந்தது. மருந்து போட்டால் ஆறுவது போலிருக்கும், மறுபடி வெடிக்கும். தென்காசி டாக்டர் ஹஸீபா பார்த்துவிட்டுக் கையுறையைக் கழற்றினார்.

"அண்ணாச்சி, விரல் நிறம் மாறுது. ரெண்டு வாரம் பாப்போம். ஆறலன்னா விரல எடுக்கத்தான் செய்யணும். ஈரம் ஆகவே ஆகாது."

தங்கத்தாய் ஈரத்தை விரட்டினாள். தரையைத் துடைத்தாள், செருப்பை அடுப்படியில் வைத்து உலர்த்தினாள், காலை ஒற்றியெடுத்து மருந்து வைத்துக் கட்டினாள். இருந்தும் ஒரு நாள் காலையில் கட்டைப் பிரித்தபோது, வெள்ளையாய் ஊறிப்போன தோல் அடுத்த விரலுக்கும் தாவியிருந்தது.

தண்ணீர் எடுக்கக் குளியலறைக்குள் போனாள். சாரல் அடிக்கிறதென்று ஜன்னலைச் சாத்தியிருந்ததில் உள்ளே முடைநாற்றம். கம்பியில் துண்டு இஸ்திரி போட்டது போல இருந்தது. மேல்மடிப்பு காய்ந்திருந்தது. விரலை உள்ளே விட்டாள், குளிர்ந்து வழவழத்தது. விரித்துப் பார்த்தாள். மடிப்பு நெடுகக் கறுப்புப் புள்ளிகள். இதைக் கொண்டுதான் அவர் தினமும் காலைத் தேய்க்கிறார்.

அதைத் தூக்கி எறிந்தாள். புதுத் துண்டு ஒன்றைக் கம்பியில் விரித்துக் கிளிப் மாட்டி, ஜன்னலைத் திறந்துவைத்தாள். குளிக்கப் போனவரின் குரல் உள்ளிருந்து வந்தது.

"ஏட்டி, எவ இங்கன கைய வச்சது?"

"நாந்தான். பழைய துண்டு உள்ளுக்குள்ள பூஞ்ச புடிச்சு நாறுது."

"இத்தன வருசம் நாறாதது இப்பம் நாறுதாக்கும்? டாக்டரம்மாகிட்ட கம்பவுண்டர் வேலைக்குச் சேந்துட்டியா?"

"இத்தன வருசம் விரல் போகல. இப்பம் போகப்போவுது."

அவர் வெளியே வந்தபின் எட்டிப் பார்த்தாள். கிளிப் தரையில் கிடந்தது. ஜன்னல் சாத்தியிருந்தது. புதுத் துண்டு நாலாக மடிந்திருந்தது.

மறுநாள் அவர் பேப்பர் படித்துக்கொண்டிருக்கையில், தங்கத்தாய் ஸ்குரூ டிரைவரால் கம்பியைக் கழற்றி வெளியே வீசினாள். ஜன்னலுக்கு எதிர்ச்சுவரில் ஒட்டும் கொக்கிகள் இரண்டை அகலம் விட்டு ஒட்டினாள். இரண்டு முனையையும் மாட்டினால்தான் துண்டு நிற்கும். மடித்துப் போட இடமில்லை.

சுடலைராஜ் வந்து வெறும் சுவரைப் பார்த்தார். கழுத்து நரம்பு புடைத்தது.

"கம்பிய எங்கட்டி?"

"தோட்டத்துல கெடக்கு. கால் இருக்கும்போதே போய் எடுத்துக்கிடுங்க."

அவரிடம் யாரும் இப்படிப் பேசியதில்லை. அவர் கதவை அறைந்து சாத்தினார். தண்ணீர் விழுந்தது, நின்றது. அவள் நகரவில்லை. வெளியே வந்தவர் அவள் முகத்தைப் பார்க்காமல் சொன்னார்.

"ஒரு கொக்கி தாந்து இருக்கு. ஒட்டுனா ஒழுங்கா ஒட்டணும்."

உள்ளே துண்டு விரிந்து தொங்கியது. ஜன்னல் திறந்திருந்தது. ஆனால் புண் என்ன நினைத்திருக்கிறதோ? அடுத்துவந்த நாளெல்லாம் கட்டைப் பிரிக்கும்போது மூச்சைப் பிடித்துக்கொண்டாள்.

கெடு முடிந்த அன்று ஹஸீபா கருவியால் விரலை அழுத்தினார். தங்கத்தாய் சுவரோடு ஒட்டி நின்றாள்.

"வலிக்குதா, அண்ணாச்சி?"

"உயிர் போவுது."

"நல்லது. உணர்ச்சி இருக்கு, புதுத் தோலும் கட்டியிருக்கு. விரல் இருக்கட்டும்."

சுடலைராஜ் சுவர்ப் பக்கம் திரும்பினார்.

"ஏட்டி, உக்காரு. விழுந்து தொலைச்சிராத."