துரீட் கொடுத்த உத்தரவாதம்

நார்வேயில் மழை ஓயாத பேர்கன் நகரில் எதைப் பற்றி வேண்டுமானாலும் பொய் சொல்லலாம். மழைக்கோட்டைப் பற்றிச் சொன்னால் ஊர் மன்னிக்காது. 1983-இல் ஒரு கம்பெனி அந்தத் தப்பைச் செய்தது. "ஒரு சொட்டுகூட உள்ளே வராது" என்று விளம்பரம். வாங்கியவர்களோ உள்ளாடை வரை நனைந்தார்கள். முப்பத்தேழு பேர் வழக்கறிஞர் துரீட் ஹாவ்கெ என்ற பெண்மணியிடம் வந்தார்கள்.

துரீட் அதற்கு முன்பு ஒரு பெரிய வக்கீல் ஆபீசில் கம்பெனிகளுக்காக வாதாடியவர். பொய் விளம்பரத்துக்குச் சாக்கு எழுதிக் கொடுத்தே அலுத்துப்போய் விலகி, பேக்கரி மாடியில் ஓர் அறை எடுத்தார். தட்டச்சு செய்ய என்னைச் சேர்த்துக்கொண்டார். "சம்பளம் கம்மிதான். பன் வாசனை இலவசம்" என்றார்.

விசாரணை, நுகர்வோர் குறைதீர் குழுவின் முன் நடந்தது. கம்பெனி மேலாளர் மியெல்டெ நெஞ்சை நிமிர்த்திச் சொன்னார்: "ஒழுங்கா பட்டன் போட்டா எங்க கோட்டு நனையவே நனையாது."

துரீட் பணிவாகக் கேட்டார்: "இப்ப வரும்போது மழை பெஞ்சுதா?"

"இந்த ஊர்ல எப்பதான் பெய்யல?"

"நனைஞ்சீங்களா?"

"துளிகூட இல்ல."

துரீட் நேராக வாசல் பக்கம் போய், அங்கே தொங்கிய நீலக் கோட்டைக் கையில் எடுத்தார். "இது உங்களுதுதானே?"

"ஆமா."

கழுத்துப் பட்டையிலிருந்த பெயரை உரக்கப் படித்தார். போட்டிக் கம்பெனியின் பெயர்.

"அது... என் சம்சாரம் வாங்கினது."

"அப்ப அவங்களயே இங்க அனுப்பியிருக்கலாமே. விவரமான ஆளா தெரியுது."

குழுத் தலைவர் கைக்குட்டையால் வாயைப் பொத்திக்கொண்டார். முப்பத்தேழு பேருக்கும் பணம் திரும்பியது, விளம்பரமும் போனது.

பத்திரிகையில் படம் வந்ததும் ஒரு கட்சி துரீடை நகர மன்றத் தேர்தலில் நிறுத்தியது. அவர் அச்சடித்த வாக்குறுதித் தாளின் அடியில் ஒரு வரி: "இரண்டு வருடத்தில் நடக்காவிட்டால் இந்தத் தாளோடு வந்து புகார் கொடுக்கவும்."

"வேணாம், நெசமாவே யாராச்சும் வந்துருவாங்க" என்றேன்.

"வரட்டுமே. எனக்கும் பொழுது போகணும்ல?"

ஜெயித்தார். மூன்றாம் வருடம் குட்லாவ் நெஸ்ஸெ படியேறி வந்தார். ஓய்வு பெற்ற கணக்கு டீச்சர். துரீடுக்கே பாடம் எடுத்தவர். தாளைக் கசங்காமல் உறையில் போட்டு வைத்திருந்தார்.

"மூணாவது வாக்குறுதி. எங்க மேட்டுத் தெரு பஸ் ஸ்டாப்புக்குக் கூரை. தேதிய நீயே படி."

"டீச்சர், அது ஒரு உத்தேசமான தேதிதான். நகராட்சில ரெண்டு பிரிவு ஒத்துக்கணும்..."

"இரும்மா, எழுதிக்கறேன். உத்... தேச... மான."

துரீடின் முகம் காது மடல்வரை சிவந்ததைத் தட்டச்சு இயந்திரத்துக்குப் பின்னாலிருந்து பார்த்தேன். பழைய ஆபீசில் கம்பெனிகளுக்கு அவர் எழுதிக் கொடுத்த அதே சொல்.

"தப்பு என்மேலதான் டீச்சர். என்ன செய்யணும், சொல்லுங்க."

"கூரை வர்ற வரைக்கும் நீயே கூரையா நில்லு."

நான் சிரித்துவிட்டேன். அவர்கள் இருவரும் சிரிக்கவில்லை.

திங்கட்கிழமை காலை ஏழு மணிக்கு, மீன் சந்தைக்காரர் ஒருவரிடம் இரவல் வாங்கிய ராட்சதக் குடையோடு துரீட் அந்த பஸ் ஸ்டாப்பில் நின்றார். குடையில் மீன் கவிச்சை. முதல் நாள் நாலு பேர் வெட்கத்தோடு ஒண்டினார்கள். ஒரு வாரத்தில் ஓடாத சலவை இயந்திரம், பிய்ந்த பூட்ஸ் என்று ஆளுக்கொரு வழக்கோடு வந்தார்கள். பஸ் டிரைவர் கத்துவார்: "துரீட், தீர்ப்பு சொல்லியாச்சா? கதவ சாத்தலாமா?"

நகர மன்றத்தில் அவர் கட்சித் தலைவர் பல்லைக் கடித்தார். "மானத்த வாங்கறீங்களே!"

"கூரைய வாங்கிக் குடுங்க. நான் போயிடறேன்."

ஏழாவது வாரம் கூரை வந்துவிட்டது. குட்லாவ் டீச்சர் சுற்றிச் சுற்றிப் பார்த்து, தாளில் "சரி. ஆனால் தாமதம்" என்று எழுதிக் கையெழுத்துப் போட்டார்.

அடுத்த தேர்தலில் கட்சிக்காரர்கள் தாளிலிருந்து அந்தப் புகார் வரியை எடுக்கச் சொன்னார்கள். துரீட் மறுத்தார். அங்கே ஓட்டு கட்சிப் பட்டியலுக்குத்தான், மேலே இருக்கும் பெயர்களுக்கே இடம் கிடைக்கும்; அதனால் அவரைப் பட்டியலின் கடைசிப் பெயராகத் தள்ளினார்கள். மேட்டுத் தெருக்காரர்கள் அவர் பெயருக்கு எதிரே ஓட்டுச்சீட்டில் தனியாகக் குறி போட்டே மேலே கொண்டுவந்து ஜெயிக்க வைத்துவிட்டார்கள்.

முடிவு வந்த காலையில் அவர் ஆபீசுக்கு வந்து கேட்டது ஒன்றுதான்: "எத்தன பேர் காத்திருக்காங்க?"

"ஒம்போது பேர். எல்லாரும் ஒரே சுற்றுலாக் கம்பெனியத் திட்டறாங்க."

"அடடே!" என்று முகம் மலர்ந்து, கையைத் தேய்த்துக்கொண்டே உள்ளே போனார்.